ஓடைக்குள் மூன்றடி

அன்றைக்கு அங்கே இருந்தவர்கள் ஏழு பேர். நான். என் வீட்டுக்காரர். எதிர்வீட்டு மதினி. நான் வேலை பார்க்கும் கம்பெனியில் போர்மேனாக இருந்து ஓய்வு பெற்ற அண்ணாச்சி. ஓடைக்கு அந்தக் கரையில் அச்சாபீஸ் வைத்திருக்கும் முதலாளி. காரியாபட்டியிலிருந்து பொக்லைன் வண்டியோடு வந்த டிரைவர். பெரிய கண்மாய்க்குக் கீழே ஒன்றரை ஏக்கர் நிலம் வைத்திருக்கும் அக்கா. எட்டாவது ஆள் கிடையாது. காலையில் வேடிக்கை பார்க்க வந்த கூட்டமெல்லாம் ஞாயிற்றுக்கிழமைக் கறிச்சோற்றுக்கு வீட்டுக்குப் போய்விட்டது.

இப்படித் தலையை எண்ணிச் சொல்வது எங்கள் பக்கத்துப் பழக்கம். பட்டாசுக் கம்பெனியில் ஓர் அறைக்கு நாலு பேருக்கு மேல் இருக்கக் கூடாது. காலையில் எண்ணுவார்கள், சாப்பாட்டுக்குப் போகும்போது எண்ணுவார்கள், திரும்பி வரும்போது எண்ணுவார்கள். தூரத்தில் ஒரு சத்தம் கேட்டால் எங்கள் வாயில் முதலில் வருகிற கேள்வி, “உள்ள எத்தன பேரு?” என்பதுதான். கல்யாண வீட்டுக்குப் போனாலும் பந்தியில் எத்தனை பேர் என்று என் கண் தானாக எண்ணிவிடும். எண்ணி முடித்த பிறகுதான் இலையில் என்ன இருக்கிறது என்று பார்ப்பேன்.

நாரணாபுரம் பக்கம் ஒரு கம்பெனியில் தரைச்சக்கரம் சுருட்டுகிறேன். ஏழாவதோடு பள்ளிக்கூடத்தை நிறுத்தியவள். பயப்படுவதற்குப் படிப்பு தேவையில்லை. அதனால் அதை மட்டும் குறைவில்லாமல் செய்து வருகிறேன். வீட்டைப் பூட்டிவிட்டுத் தெருமுனை வரை போய், திரும்பி வந்து பூட்டை இழுத்துப் பார்க்காத நாள் கிடையாது. கம்பெனி பஸ்காரர் அதற்கென்றே இரண்டு நிமிடம் எனக்காக நிற்பார். “பூட்ட இழுத்துட்டீகளா, எடுக்கலாமா?” என்று பஸ்ஸில் எல்லோரும் கேட்டுச் சிரிப்பார்கள்.

பயத்திலேயே பெரிய பயம் மழைதான். எங்கள் பக்கம் மழை வேண்டும் என்று யாரும் வாய்விட்டுக் கேட்பதில்லை. வெயில் அடித்தால்தான் சக்கரம் காயும். காய்ந்தால்தான் பெட்டிக்குள் போகும். பெட்டிக்குள் போனால்தான் கூலி. மேகம் கூடிவிட்டால் காயப்போட்டதை எல்லாம் அள்ளிக்கொண்டு ஓட வேண்டும். மத்தியானத்தோடு வேலையை நிறுத்தி வீட்டுக்கு அனுப்பிவிடுவார்கள். கல்யாணமாகி இந்த ஊருக்கு வந்த நாளிலிருந்து காலையில் வாசல் தெளிக்கும்போது வானத்தை ஒரு தடவை பார்த்துவிட்டுத்தான் வாளியைத் தூக்குவேன்.

மழையில் கூலி போவது பாதித் துன்பம். மீதிப் பாதி வீட்டுக்குள்ளேயே வரும். எங்கள் கொல்லைக்குப் பின்னால் ஓடுகிற ஓடைக்குப் பெயர் கிடையாது. பஸ் போகிற ரோட்டுப் பாலத்துக்கு அடியில் நுழைந்து, அச்சாபீஸ்களின் பின்சுவர்களுக்கும் எங்கள் தெருவின் கொல்லைகளுக்கும் நடுவே போய், ஊரைத் தாண்டிப் பெரிய கண்மாயில் அது விழ வேண்டும். விழ வேண்டும் என்றுதான் சொல்ல முடியும். விழுந்து நான் பார்த்ததில்லை. சீமைக்கருவேல முள் ஒரு பக்கம். காலண்டருக்கும் பட்டாசு லேபிளுக்கும் ஓரம் வெட்டிய காகிதத் துண்டுகள் ஒரு பக்கம். அந்தக் காகிதம் நனைந்து மண்ணோடு சேர்ந்தால் அட்டை மாதிரி இறுகிவிடும். கம்பியால் குத்தினாலும் இறங்காது. அதன்மேல் எங்கள் வீட்டுக் குப்பை, கிழிந்த தலையணை, உடைந்த குடம். அரை மணி நேரம் மழை பெய்தால் தண்ணீர் போக வழியில்லாமல் எங்கள் கொல்லை வழியாக அடுப்படிக்குள் வந்து நிற்கும். நானும் என் வீட்டுக்காரரும் கட்டில்மேல் உட்கார்ந்துகொண்டு, செருப்பு மிதப்பதைப் பார்த்துக்கொண்டிருப்போம்.

கண்மாய்க்காரர்களுக்கு இது வேறு மாதிரித் துன்பம் என்று ஓர் ஆவணி மாதத்து ஞாயிற்றுக்கிழமையில்தான் எனக்குத் தெரிந்தது. கொல்லையில் பாத்திரம் தேய்த்துக்கொண்டிருந்தேன். முள்ளை விலக்கிக்கொண்டு ஓடைக்குள்ளிருந்து ஒரு பெண் ஏறி வந்தார். கையில் கம்பு, தலையில் துண்டு, ஐம்பது வயது இருக்கும்.

“இது ஆரு வீடு தாயி?”

“எங்க வீடுதான். என்ன வேணும்க்கா?”

“எங்க தண்ணியத் தேடி வந்தேன். கண்மாயில இருந்து இப்படியே ஓடைக்குள்ளயே நடந்து வாரேன். மள பெஞ்சா உங்க வீட்டுக்குள்ள தண்ணி வருதாம்ல? அது எங்க தண்ணி.”

சிரிப்பதா கோபப்படுவதா என்று தெரியவில்லை. “எடுத்துட்டுப் போங்கக்கா. நாங்க என்ன ஒளிச்சா வச்சிருக்கோம்?”

“ஒளிச்சுத்தான் வச்சிருக்கீக. ஊருக்குள்ள முழங்கா அளவு நிக்கிதுன்னு சொல்றாக. கண்மாயில எங்க ஆடு மேயுது. இது கண்மாய்க்கு வரத்துக்கால் தாயி. இத அடைச்சுப்புட்டு நீங்களும் நனையுறீக, நாங்களும் காயுறோம்.”

செம்பில் தண்ணீர் கொடுத்தேன். குடித்துக்கொண்டே எங்கள் கொல்லையைச் சுற்றிப் பார்த்தார். அவர் கண் எங்கள் கழிவறைச் சுவரில் கொஞ்ச நேரம் நின்றது. செம்பைக் கவிழ்த்து வைத்துவிட்டு, வந்த வழியே ஓடைக்குள் இறங்கிப் போய்விட்டார்.

அந்தப் பார்வை என்னைத் தூங்கவிடவில்லை. மறுநாள் விடியற்காலையில் என் வீட்டுக்காரரின் இஞ்ச் டேப்பை எடுத்துக்கொண்டு கொல்லைக்குப் போனேன். அவர் அச்சாபீஸில் காகிதம் வெட்டும் மிஷினில் வேலை செய்கிறவர். டேப் எப்போதும் சட்டைப் பையில் இருக்கும். ஓடையின் அகலம் பத்தடி என்று மேல் தெருவில் ஒரு பழைய எல்லைக்கல் இருந்தது. அந்தக் கல்லுக்கு நேராகக் கயிறு கட்டி அளந்தேன். எங்கள் கழிவறை ஓடைக்குள் மூன்றடி இருந்தது.

டேப்பைத் துடைத்து அவர் சட்டையிலேயே போட்டுவிட்டேன். யாரிடமும் சொல்லவில்லை.

அந்தக் கழிவறையைப் பற்றிச் சொல்ல வேண்டும். அது வருவதற்கு முன் தெருக்கோடியில் இருந்த பொதுக் கழிப்பிடத்துக்குத்தான் போவோம். கம்பெனி பஸ்ஸுக்கு முன்னால் போய் வரிசையில் நிற்க வேண்டும் என்பதற்காகவே நான் நாலரை மணிக்கு எழுந்த வருடங்கள் உண்டு. கடைசியில் அடம்பிடித்துக் கேட்டு வாங்கியது அது. என் வீட்டுக்காரர் ஞாயிறு ஞாயிறாக உட்கார்ந்து தானே கட்டினார். கொத்தனார் வேலை தெரியாதவர், அதனால் சுவர் கொஞ்சம் சாய்ந்துதான் நிற்கும். நீலக் கலரில் ஒரு பிளாஸ்டிக் கதவு வாங்கிப் போட்டார். அதன் குழாய் நேராக ஓடைக்குள்தான் போயிற்று. இதை எழுதக் கூச்சமாகத்தான் இருக்கிறது. அப்போது அப்படித் தோன்றவில்லை. ஓடை என்றால் அதற்குத்தான் என்று எல்லோருமே நினைத்திருந்தோம்.

தாயில்பட்டியில் கட்டிக்கொடுத்த என் மகள் அப்போது உண்டாகியிருந்தாள். கார்த்திகையில் வளைகாப்பு முடித்து வீட்டுக்குக் கூட்டி வர வேண்டும். தலைப்பிரசவம். வயிற்றுப்பிள்ளைக்காரி பொதுக் கழிப்பிடத்து வரிசையில் நிற்பதை என்னால் நினைத்துப் பார்க்கவே முடியவில்லை. கழிவறை போனால் மகள் வர முடியாது. கழிவறை நின்றால் தண்ணீர் போக முடியாது. இந்த இரண்டையும் மாற்றி மாற்றி நினைத்துக்கொண்டு ஒரு வாரம் சக்கரம் சுருட்டினேன். அந்த வாரம் நான் சுருட்டியதில் நிறையச் சக்கரங்களைச் சரியில்லை என்று தள்ளிவிட்டார்கள்.

ஆனால் ஓடையைத் தூர்வார வேண்டும் என்று தாலுகா ஆபீஸுக்கு மனு எழுதியது நான்தான். இது என்ன புத்தி என்று இன்றைக்கும் எனக்குப் புரியவில்லை. எதிர்வீட்டு மதினி, “ஒனக்குத்தான் கையெழுத்து உருட்டா இருக்கும், எழுதுடி” என்றார். எழுதினேன். ‘ஓடையை மறித்து நிற்கும் அனைத்தையும் அகற்றி’ என்று என் கையாலேயே எழுதினேன். எழுதும்போது என் கழிவறை அந்த ‘அனைத்தையும்’ என்பதற்குள் வராது என்று ஏதோ ஒரு நம்பிக்கை. தூர்வார அனுமதி கிடைத்தது. வண்டி வாடகை நாங்கள் பார்த்துக்கொள்வதாக எழுதிக் கொடுத்தோம். அளவு வரைபடத்தின் நகல் ஒன்று போர்மேன் அண்ணாச்சி கைக்கு வந்தது.

எந்த நாளில் வேலையை வைத்துக்கொள்வது என்று மதினி வீட்டு வாசலில் கூடிப் பேசினோம். அங்கேதான் நாங்கள் தப்புச் செய்தோம். பட்டாசுக்காரர்கள் மட்டும் செய்யக்கூடிய தப்பு. சீசன் உச்சத்தில் இருந்தது. ஒரு நாள் லீவு போட்டால் இரண்டு நாள் கூலி போகிற நேரம். அதனால் தீபாவளி முடியட்டும் என்று எல்லோரும் ஒரே வாயாகச் சொன்னோம். தீபாவளி முடிந்தால் கம்பெனி அடைத்துவிடுவார்கள், எல்லோரும் சும்மா இருப்போம். எங்களுக்கு வருடம் தீபாவளியோடு முடிகிறது. அதற்குப் பிறகு பெய்கிற மழை எங்கள் கணக்கில் மழையே கிடையாது.

கண்மாய்க்கார அக்காவும் வந்திருந்தார். அவர் மட்டும்தான், “ஐப்பசி கடைசியிலயா? அடமழை புடிக்கிற நேரத்துல ஓடைக்குள்ள வண்டிய இறக்குவாகளா ஆராச்சும்?” என்றார்.

“அதெல்லாம் தீவாளி முடிஞ்சா மள நின்னுரும்க்கா,” என்றார் மதினி.

“நிக்கும் நிக்கும். நீங்க ஆர்டர் குடுத்திருக்கீகள்ல,” என்று முணுமுணுத்துவிட்டு அக்கா எழுந்து போனார்.

வாடகை மணிக்கு ஆயிரத்து இருநூறு. முன்பணம் பத்தாயிரம் கொடுத்து, காரியாபட்டிக்காரரின் வண்டியைப் பேசினோம். சனிக்கிழமை கண்மாய்ப் பக்கமிருந்து ஊரின் எல்லை வரை சுத்தமாக வாரிவிட்டார். காகித அட்டையைப் பாளம் பாளமாகப் பெயர்த்து எடுத்தபோது அடியில் மணல் தெரிந்தது. எங்கள் ஓடைக்கு அடியில் மணல் இருக்கிறது என்பது தெருவில் பாதிப் பேருக்குத் தெரியாது. குனிந்து ஒரு கைப்பிடி எடுத்து உதிர்த்துப் பார்த்தேன். நல்ல ஆற்று மணல் மாதிரி பொலபொலவென்று இருந்தது. அன்றைக்கு ராத்திரி கொஞ்சம் தூங்கினேன்.

ஞாயிறு காலையில் வண்டி ரோட்டுப் பாலத்தருகே சரிவு வெட்டி ஓடைக்குள் இறங்கியது. அங்கிருந்து வாரிக்கொண்டே கீழே வந்து, நேற்று முடித்த இடத்தோடு சேர்க்க வேண்டும். நடுவில் என் கழிவறை. முள் மண்டிக் கிடந்ததால், அது ஓடைக்குள் நிற்பது அதுவரை அக்காவைத் தவிர யார் கண்ணிலும் படவில்லை. வண்டியின் கை நீளமானது, கழிவறைக்கு இந்தப் பக்கம் நின்றுகொண்டே எட்டி அள்ளிவிடலாம் என்று நானாக ஒரு திட்டம் வைத்திருந்தேன். டிரைவருக்கு டீ கொடுக்கும்போது சுற்றி வளைத்துக் கேட்டேன்.

“அண்ணே, இந்தக் கை எம்புட்டு தூரம் எட்டும்?”

“எட்டுற வரைக்கும் எட்டும் தாயி. என்ன, தேங்கா பறிக்கணுமா?”

மத்தியானம் இரண்டு மணிக்கு வண்டி எங்கள் கொல்லைக்கு வந்தது. முள்ளை ஒரே அள்ளாக அள்ளி மேலே போட்டது. சாய்ந்த சுவர் பளிச்சென்று வெளியே தெரிந்தது. போர்மேன் அண்ணாச்சி வரைபடத்தைப் பார்த்தார், கயிறைப் பிடித்தார், அந்தக் கரையில் அச்சாபீஸின் கான்கிரீட் சுவரிலிருந்து பத்தடி அளக்கப் போனார். ஏழாவது அடியிலேயே கயிறு என் கழிவறைச் சுவரில் முட்டியது.

டிரைவர் இன்ஜினை நிறுத்தினார்.

அச்சாபீஸ் முதலாளிதான் முதலில் வாயைத் திறந்தார். எங்கள் மனுவால் அவருடைய பின்பக்கக் கொட்டகையை ஒரு மாதத்துக்கு முன்பே பிரிக்க வேண்டி வந்திருந்தது. “ஏம்மா, ‘அனைத்தையும் அகற்றி’ன்னு எழுதுனது நீங்கதான? நல்ல கையெழுத்து. நான் கூட போட்டோ எடுத்து வச்சிருக்கேன்.”

என் வீட்டுக்காரருக்கு முகம் சிவந்துவிட்டது. “மொதலாளி, அளவு தெரியாம கட்டுனது நான். அவள ஏன் சொல்றீக?”

“மொதலாளி சொல்றது சரிதான்,” என்றேன். “நான் ஆவணியிலேயே அளந்துட்டேன். மூணடி.”

என் வீட்டுக்காரர் என்னைத் திரும்பிப் பார்த்தார். திட்டுவார் என்று நினைத்தேன். “என் டேப்பு ஈரமா இருந்துச்சே ஒரு நாளு, அன்னைக்கா?” என்றார். அவ்வளவுதான்.

மதினி வாயில் முந்தானையை வைத்துக்கொண்டு சிரிப்பை அடக்கினார். கண்மாய்க்கார அக்கா சிரிக்கவில்லை. “எனக்கு அன்னைக்கே தெரியும் தாயி. நீயே சொல்லுவேன்னு இருந்தேன். புள்ளைக்காரி வாரான்னு மதினி சொன்னாக. அதான் வாய மூடிக்கிட்டேன்,” என்றார்.

அப்போதுதான் முதல் இடி இடித்தது. நாங்கள் சண்டை போட்டுக்கொண்டிருந்ததில் கிழக்கே வானம் கறுத்ததை ஒருவரும் கவனிக்கவில்லை. நான் கூடப் பார்க்கவில்லை. என் வாழ்நாளில் மேகம் எனக்குத் தெரியாமல் வந்தது அந்த ஒரு தடவைதான். மேல் பக்கம் முன்பே பெய்திருக்க வேண்டும். மழை எங்கள் தலையில் விழுவதற்குள் பாலத்துக்கு அடியிலிருந்து தண்ணீர் வந்துவிட்டது. காலையில் வாரிய ஓடையில் தடையில்லாமல் வந்து வண்டியின் பின்சக்கரத்தில் மோதியது.

டிரைவர் பின்னால் எடுக்கப் பார்த்தார். சரிவு வெட்டிய இடம் முழுக்கச் சேறாகிவிட்டது, சக்கரம் சுற்றியதே தவிர ஏறவில்லை. முன்னால் போனால் நேற்று வாரிய கெட்டியான தரை, அதற்கப்புறம் ஊர் எல்லையில் மேலே ஏற வழியும் இருக்கிறது. ஆனால் முன்னால் என் கழிவறை. ஓடை பத்தடி. கழிவறை மூன்றடி. மிச்சம் ஏழடி. வண்டி எட்டடி.

வண்டியே இப்போது அணை மாதிரி ஓடையை அடைத்துக்கொண்டு நின்றது. அதற்குப் பின்னால் தண்ணீர் ஏறிக்கொண்டே வந்தது. கொஞ்ச நேரத்தில் கரையைத் தாண்டித் தெருவுக்குள் போய்விடும். இந்தத் தடவை செருப்பு மட்டும் மிதக்காது என்று தெரிந்தது.

“தாயி, சீக்கிரம் ஒரு வார்த்த சொல்லுங்க!” டிரைவர் கதவைத் திறந்துகொண்டு கத்தினார். “இன்ஜினுக்குள்ள தண்ணி போனா எம்பொழப்பு போச்சு. வண்டி என்னோடது. தவண கட்டிட்டு இருக்கேன்.”

எல்லோரும் என்னைப் பார்த்தார்கள். கட்டினவர் பக்கத்தில் நிற்கிறார், ஆனால் அவரும் என்னைத்தான் பார்த்தார். மகள் முகம் கண்ணுக்கு வந்தது. தெருவில் இருக்கிற முப்பது அடுப்படிகளும் வந்தன. நான் பெரிய தியாகம் ஒன்றும் செய்யவில்லை. தண்ணீர் ஏறுவதைப் பார்க்கிற பயம் மற்ற எல்லாப் பயத்தையும் விடப் பெரிதாக இருந்தது.

“இடிங்கண்ணே,” என்றேன்.

டிரைவர் வண்டியின் கையைத் தூக்கினார். வாளி என் கழிவறைக் கூரைக்கு மேலே வந்துவிட்டது. அப்போது போர்மேன் அண்ணாச்சி, “நிறுத்துப்பா! எண்ணிக்கிறேன்!” என்று கத்தினார். கொட்டுகிற மழையில், தண்ணீர் ஏறுகிற நேரத்தில், அந்த மனுஷர் விரலை நீட்டி ஒவ்வொருவராக எண்ணினார். ஓய்வு பெற்று நாலு வருடமாகியும் அவருக்கு அது விடவில்லை. அச்சாபீஸ் முதலாளி தலையில் அடித்துக்கொண்டார்.

“ஆறு,” என்றார் அண்ணாச்சி. “ஏழு பேருல்ல இருந்தோம்? ஒரு ஆளு எங்க?”

என் பக்கத்தில் பார்த்தேன். என் வீட்டுக்காரர் இல்லை.

“உள்ள யாரு? ஏலே, உள்ள யாருலே?” அண்ணாச்சி தொண்டை கிழியக் கத்தினார். நான் ஓடப் பார்த்தேன். கால் மட்டும் சேற்றுக்குள் இறங்கிப் போயிற்று.

கழிவறைக்குள்ளிருந்து குரல் வந்தது. “ஒரே ஒரு ஆணிதான் அண்ணாச்சி பாக்கி!”

இரண்டு நொடியில் நீலக் கதவைத் தலைமேல் தூக்கிக்கொண்டு வெளியே வந்தார். கதவில் மழை தடதடவென்று விழுந்தது. அண்ணாச்சி அவரை அடிக்கவே போய்விட்டார்.

“சாகவா பாத்தே? ஒரு கதவுக்காகவா?”

“சுவரு நான் கட்டுனது, போனாப் போகுது. கதவு காசு குடுத்து வாங்குனது அண்ணாச்சி.”

மதினி அப்போது சிரித்த சிரிப்பு தெருமுனை வரைக்கும் கேட்டிருக்கும். எனக்கு அழுகை வந்தது. மழையில் யாருக்கும் தெரியவில்லை. அண்ணாச்சி மறுபடி ஒரு தடவை எண்ணினார். ஏழு. பிறகுதான் கையை அசைத்தார்.

இடிப்பதற்கு ஒரு நிமிடம் கூட ஆகவில்லை. ஞாயிறு ஞாயிறாக நாலு மாதம் கட்டியது. டிரைவர் செங்கலை ஓடையில் விழவிடாமல் அள்ளி எங்கள் கொல்லையில் கொட்டினார். பின்பு வண்டியை முன்னால் எடுத்தார். வண்டி விலகியதும் பின்னால் தேங்கி நின்ற தண்ணீர் முழுவதும் ஒரே மூச்சாக உள்ளே பாய்ந்தது. நான் பயந்து கண்ணை மூடிக்கொண்டேன். திறந்து பார்த்தபோது கரையில் இரண்டு சாண் இறங்கியிருந்தது. அடுப்படிப் பக்கம் ஓடிப் போய்ப் பார்த்தேன். தரை காய்ந்து கிடந்தது. மழை பெய்துகொண்டிருக்கிறது, என் அடுப்படித் தரை காய்ந்து கிடக்கிறது. இப்படி ஒன்றை நான் அதுவரை பார்த்ததில்லை.

கண்மாய்க்கார அக்கா தண்ணீரோடு கூடவே கரையில் நடக்க ஆரம்பித்துவிட்டார். நானும் பின்னாலேயே போனேன். இடித்த இடத்தைப் பார்த்துக்கொண்டு நிற்க மனம் வரவில்லை என்பதும் ஒரு காரணம். தண்ணீரின் முன்பக்கம் ஒரு மனுஷர் நடக்கிற வேகத்தில்தான் போயிற்று. நுரையையும் காகிதச் சுருளையும் ஒரு தேங்காய் மட்டையையும் தள்ளிக்கொண்டே போயிற்று. அங்கங்கே நின்று, பள்ளத்தை நிரப்பி, மறுபடி கிளம்பியது. நாங்களும் நின்று நின்று போனோம். ஊர் எல்லையில் வண்டி மேலேறி நின்றது. டிரைவர் மேலே இருந்து கையை ஆட்டினார்.

கண்மாய்க்குள் தண்ணீர் விழுந்த இடத்தில் சத்தமே இல்லை. வெடித்துக் கிடந்த கரம்பை மண் குடித்துக்கொண்டே இருந்தது. கால் மணி நேரம் கழித்துத்தான் ஒரு தட்டு அளவுக்குத் தேங்கியது. பிறகு பாய் அளவு.

“கறுப்பா இருக்கேக்கா,” என்றேன். எனக்கு உடனே அடுத்த கவலை வந்துவிட்டது. “நாங்க கழுவி விட்டதெல்லாம்ல வருது. பயிருக்கு ஆகுமா?”

“மொதத் தண்ணி அப்படித்தான் வரும். ரெண்டு மள பெஞ்சா வெளுத்துரும். ஆனா நீங்க மறுபடியும் கழுவி விட்டீகன்னா மறுபடியும் கம்பத் தூக்கிட்டு வருவேன்.” அக்கா காலைத் தண்ணீருக்குள் வைத்து நின்றார். “எங்க மாமியா சாகுறப்போ இது காஞ்சு கெடந்துச்சு தாயி. இப்பப் பாரு.”

திரும்பி வந்தபோது மழை விட்டிருந்தது. எல்லோரும் மதினி வீட்டில் உட்கார்ந்து டீ குடித்துக்கொண்டிருந்தார்கள். இரண்டு நாளும் சேர்த்து வண்டிக்குப் பத்தொன்பது மணி நேரம். இருபத்திரண்டாயிரத்து எண்ணூறு. முன்பணம் போகப் பன்னிரண்டாயிரத்து எண்ணூறு ரூபாய் தெருவில் வசூல் செய்து மதினியின் அரிசிப் பானைக்குள் இருந்தது. மதினி அதை எடுத்து எண்ணி டிரைவர் முன்னால் வைத்தார். வைத்த கையை எடுக்கவில்லை.

“அண்ணே, ஒண்ணு கேப்பேன், கோவிக்கக் கூடாது. இவ மக அடுத்த மாசம் பிரசவத்துக்கு வாரா. கக்கூச எங்க எல்லாருக்காகவும்தான் இடிச்சது. இந்தப் பணத்துல மொதல்ல அதக் கட்டிக்கிறோம். ஒங்களுக்குக் கொஞ்சம் கொஞ்சமாக் குடுத்துருவோம்.”

“வேணாம் மதினி, அவருக்கும் தவண இருக்குன்னு சொன்னாருல்ல,” என்றேன். நிஜமாகவே அவருடைய தவணைக்காகத்தான் பயந்தேன்.

டிரைவர் டீயைக் குடித்து முடித்தார். என் வீட்டுக்காரரைப் பார்த்தார். சுவரில் சாய்த்து வைத்திருந்த நீலக் கதவைப் பார்த்தார். “கதவு இருக்கு. சுவருதான வேணும்,” என்றார். “இந்த மாசத் தவணைய நான் எப்படியாச்சும் பாத்துக்கிடுறேன். ஆனா ஒண்ணு. கொழாய ஓடைக்குள்ள விடக் கூடாது. குழி தோண்டிக் கட்டுங்க. நான் இன்னொரு தடவ இதுக்குள்ள இறங்க மாட்டேன்.”

“குழி நான் அளந்து தாரேன்,” என்றார் போர்மேன் அண்ணாச்சி.

அச்சாபீஸ் முதலாளி எழுந்து வேட்டியை உதறினார். தன் பக்கத்துச் சாக்கடை வாயில் கம்பி வலை போட்டு, வெட்டுக் காகிதம் வராமல் பார்த்துக்கொள்வதாகச் சொன்னார். போகும்போது என்னிடம், “இதையும் மனுவா எழுதி வச்சுக்கோங்க” என்றார். கிண்டல்தான். ஆனால் அடுத்த வாரமே வலையைப் போட்டுவிட்டார். இன்றைக்கும் திங்கட்கிழமை தோறும் ஓர் ஆள் வந்து அள்ளுகிறார். ஒரு திங்கட்கிழமை விட்டுப்போனாலும் நான் போய்க் கேட்டுவிடுவேன். முதலாளி என்னைப் பார்த்தாலே, “அள்ளியாச்சும்மா, அள்ளியாச்சு” என்கிறார்.

புதுக் கழிவறை கொல்லைக்கு உள்பக்கம், அடுப்படியை ஒட்டி நிற்கிறது. இந்தத் தடவை உண்மையான கொத்தனார் கட்டியது, சுவர் நேராக இருக்கிறது. என் வீட்டுக்காரருக்கு அதில் கொஞ்சம் வருத்தம். வளைகாப்பு முடிந்து மகள் வருவதற்கு இரண்டு நாள் முன்னால் வேலை முடிந்தது. தை பிறந்து ஒன்பதாம் நாள் பேத்தி பிறந்தாள். அந்தச் சமயத்தில் கண்மாயில் முக்கால்வாசித் தண்ணீர் நின்றது. ஒரு ஞாயிறு போய்ப் பார்த்துவிட்டு வந்தேன். நாரைகள் இறங்கியிருந்தன. அக்கா நெல் போட்டிருந்தார். அறுப்பு முடிந்ததும் ஒரு மரக்கால் அரிசி கொண்டுவந்து வாசலில் வைத்தார். “ஒங்க வீட்டுக்குள்ள நின்ன தண்ணியில வெளைஞ்சது, சாப்பிட்டுப் பாருங்க” என்றார்.

மழை வந்தால் இன்றைக்கும் கூலி போகிறது. அதில் மாற்றமில்லை. காயப்போட்டதை அள்ளிக்கொண்டு ஓடத்தான் செய்கிறேன். ஆனால் ஓடிப்போய்க் கொட்டகையில் நின்றதும், ஓடையில் தண்ணீர் எந்த அளவில் போகும், பாலத்தைத் தாண்டியிருக்குமா, கண்மாய் வாயில் விழுந்திருக்குமா என்று நினைக்கத் தோன்றுகிறது. கவலைதான். ஆனால் முன்பிருந்த கவலை மாதிரி இல்லை.

டிரைவர் மாதம் ஒரு தடவை போன் செய்கிறார். பணத்தைப் பற்றி முதலில் பேச மாட்டார். தண்ணீர் வந்ததா, பேத்தி குப்புற விழுந்தாளா என்று கேட்டுவிட்டு, கடைசியில், “அவசரமில்ல தாயி” என்பார். அவர் அப்படிச் சொல்லும்போதுதான் எனக்கு அதிகம் பதறுகிறது. அந்தக் கழிவறையின் கதவைத் திறக்கிற ஒவ்வொரு தடவையும் அவர் நினைப்பு வந்துவிடுகிறது. பன்னிரண்டாயிரத்து எண்ணூறில் பொங்கலுக்கு ஐயாயிரம் அனுப்பினோம். சித்திரையில் இரண்டாயிரம். இன்னும் ஐயாயிரத்து எண்ணூறு ரூபாய் பாக்கி.